பிதுரார்ஜிதமாய் வந்த பித்து

கண்டி தலதா மாளிகை வளவைத் தாண்டி, தேசிய அருங்காட்சியகத்துக்குப் பின்னால் மேடேறினால் பிரித்தானியரின் பழைய இடுகாடு வரும். கண்டி இராச்சியம் ஆங்கிலேயர் கைக்குப் போன சில ஆண்டுகளில் திறந்தது. நகர எல்லைக்குள் பிணம் புதைக்கக் கூடாது என்று தடை வந்த பிறகு, 1870களில் மூடியது. மொத்தம் 195 கல்லறைகள். படுத்திருப்போரில் பலர் முப்பது வயதைக் காணாதவர்கள். காய்ச்சலும் கழிச்சலும் கொண்டுபோனவர்கள். ஒரு கல்லறை மட்டும் வேறு கதை சொல்கிறது. 1856இல் இறந்த ஜோன் ஸ்பொட்டிஸ்வூட் ரொபர்ட்சனைக் கொன்றது காட்டு யானை. இலங்கையில் அப்படி மாண்ட ஐரோப்பியரில் அவர் ஏழாமவர், கடைசி ஆளும் அவரே என்பது பதிவு.

ஐரோப்பியர் பக்கம் ஏழு பேர். யானைகளின் பக்கக் கணக்கைக் குடியேற்ற அதிகாரி எமர்சன் டெனன்ட் தமது 1859ஆம் ஆண்டு நூலில் தருகிறார். 1848க்கு முந்திய மூன்று ஆண்டுகளுக்குள், வடமாகாணத்தின் ஒரு பகுதியில் மட்டும் 3,500 யானைகளுக்கு அரசாங்கம் கொலைச் சன்மானம் கொடுத்தது. 1851 முதல் 1856 வரை தென்மாகாணத்தில் இன்னும் 2,000. மேஜர் தோமஸ் ரொஜர்ஸ் என்ற அதிகாரி தனியாளாக 1,400க்கு மேல் சுட்டார் என்பார்கள். 1845இல் அப்புத்தளையில் மின்னல் தாக்கிச் செத்தார். அதில் ஒரு நியாயம் இருப்பதாகவே மலைநாட்டில் இன்றும் கதை சொல்பவர்கள் சொல்கிறார்கள்.

இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டுதான் ‘எலிஃபன்ட் வோக்’ படத்தைப் பார்க்க வேண்டும். பரமவுன்ட் நிறுவனம் 1953இல் கண்டியிலும் பொலன்னறுவையிலும் வெளிப்புறக் காட்சிகளை எடுத்து, 1954இல் வெளியிட்ட படம் அது. ரொபர்ட் ஸ்டேன்டிஷ் 1948இல் எழுதிய நாவல் மூலக்கதை. இயக்கியவர் வில்லியம் டீட்டர்லே. இல்லாத ஒரு பெண்ணின் மேல் பித்தாகிப்போன ஓவியனைப் பற்றி ‘போர்ட்ரெய்ட் ஒஃப் ஜெனி’ எடுத்தவர். யானைப்படம் என்று விளம்பரப்படுத்தினார்கள். உண்மையில் அது ஒரு வீட்டைப் பற்றிய படம்.

கதை இது. தேயிலைத் தோட்டத் துரை ஜோன் வைலி இங்கிலாந்துக்குப் போய், ஒரு புத்தகக் கடையில் சந்தித்த ரூத்தை மணந்து அழைத்து வருகிறான். அவனுடைய பங்களாவை யானைகள் தலைமுறை தலைமுறையாகத் தண்ணீருக்குப் போன தடத்தின் குறுக்கே கட்டியவர் அவன் தந்தை. ‘கவர்னர்’ என்றால்தான் எல்லோருக்கும் அவரைத் தெரியும். செத்து அடக்கமாகித் தோட்டத்திலேயே கல்லறையில் கிடக்கிறார்; ஆனாலும் வீட்டை ஆள்வது அவரே. அவருடைய அறை பூட்டியே இருக்கிறது. மூத்த வேலைக்காரன் அப்புஹாமி இறந்த எசமானோடு பேசுகிறான்; புதுத் துரைசாணியை ஏற்க மறுக்கிறான். இரவானால் துரைமார் கூடிக் குடித்து, பங்களாவுக்குள்ளேயே சைக்கிள் ஏறிப் போலோ விளையாடுகிறார்கள். இங்கிலாந்தில் அன்பாக இருந்த கணவன், இந்தக் கூரைக்குக் கீழ் வந்ததும் அப்பனின் நிழலாக மாறிப்போகிறான். ரூத்துக்கு மூச்சு முட்டுகிறது.

உளவியல் திகிலில் பேய் தேவையில்லை. பீடிக்கப்பட்ட ஒரு மனம், அதை ஊட்டி வளர்க்கும் ஒரு வீடு, வெளியிலிருந்து வந்து அதை முதன்முதலாகக் காணும் ஒருவர், இவ்வளவு போதும். 1940இல் ஹிட்ச்கொக் எடுத்த ‘ரெபேக்கா’ இதற்கு இலக்கணம்போல அமைந்தது. இறந்துபோன முதல் மனைவி, அவளை வழிபடும் வேலைக்காரி, திகைத்து நிற்கும் புதுமனைவி. ‘எலிஃபன்ட் வோக்’ அதே சட்டகத்தில் முதல் மனைவிக்குப் பதில் அப்பனை வைக்கிறது. இரண்டுக்கும் இசையமைத்தவர் ஒருவரே, ஃபிரான்ஸ் வக்ஸ்மன். ‘ரெபேக்கா’வின் நாயகன் லோரன்ஸ் ஒலிவியர். அதில் புதுமனைவியாக நடிக்க ஆசைப்பட்டு, சோதனைக் காட்சியிலும் நடித்து, வாய்ப்புக் கிடைக்காமல் போனவர் விவியன் லீ. பதின்மூன்று ஆண்டுகள் கழித்து அதே பாத்திரத்தின் மலைநாட்டு வடிவத்துக்காக அவரைத் தேடி வந்தார்கள். ஜோன் வைலியாக ஒலிவியரைத்தான் முதலில் நினைத்திருந்தார்கள். அவருக்கு ஒழியவில்லை, பீட்டர் ஃபின்ச் வந்தார்.

படத்தின் முன்பாதி நன்றாகவே இருக்கிறது. அந்தப் பெரிய கூடமும், பூட்டிய அறையும், அப்புஹாமியாக வரும் ஆபிரகாம் சொஃபேரின் (ரங்கூனில் பிறந்தவர்) அசையாத முகமும் சேர்ந்து ஓர் அழுத்தத்தை உண்டாக்குகின்றன. பின்பாதியில் இயக்குநருக்கோ நிறுவனத்துக்கோ துணிவு போய்விடுகிறது. வாந்திபேதி வருகிறது. யானைகளை விரட்டி வந்த ஆட்கள் படுத்துவிடுகிறார்கள். மறித்து நின்ற மதிலை உடைத்துக்கொண்டு மந்தை உள்ளே புகுந்து, அப்புஹாமியை மிதித்து, பங்களாவைத் துவம்சம் செய்கிறது, தீயும் பிடிக்கிறது. கணவனும் மனைவியும் கைகோத்து வேறு வாழ்வைத் தேடிப் போகிறார்கள். அப்பனோடு மகன் தீர்த்திருக்க வேண்டிய கணக்கை யானைகள் தீர்த்துவைக்கின்றன. ஒரு மனத்தின் சிக்கலாகத் தொடங்கியது காட்டு விலங்கின் சீற்றமாக முடிகிறது. இதைத் தப்பித்தல் என்றுதான் சொல்வேன்.

இன்னொன்றையும் படம் காட்டாமல் விடுகிறது. அந்தப் பங்களாவுக்குக் கீழே தொழிலாளர் லயங்கள் இருக்கும். லயங்களில் கொழுந்து பறிப்பவர்கள் இருப்பார்கள், கங்காணி இருப்பார், கணக்கப்பிள்ளை இருப்பார். கண்டிச் சீமைக்குப் பிழைக்கப் போனவர்கள் என்று தமிழகக் கிராமங்கள் இன்றும் பாடும் அந்தச் சனம் இந்தப் படத்தில் கூட்டமாக வருகிறது, நோயாக வருகிறது, முகமாக வரவில்லை. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் கண்டிக்கு அருகே லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை நட்ட நாள் முதல் அந்த மலைகளைத் தேயிலையாக்கியவர்கள் அவர்களே. படப்பிடிப்புக் குழு வந்திறங்கியபோது அவர்கள் நாடற்றவர்கள். 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களுடைய குடியுரிமையைப் பறித்திருந்தது. வாக்குரிமையும் கூடவே போயிருந்தது. 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் மேசையில் வைத்துப் பங்குபோட்ட தொகை 975,000 பேர். பாட்டன் கட்டிய லயத்தில் பிறந்தவனைப் பார்த்து, உனக்கு இங்கே உரித்து எதுவுமில்லை என்று அரசாங்கம் சொல்லிக்கொண்டிருந்த அதே பருவத்தில், அப்பன் விட்டுச்சென்ற உரித்து தாங்காமல் ஒரு வெள்ளைத் துரை தவிப்பதை அந்த மலைகளிலேயே படமெடுத்தார்கள்.

விவியன் லீக்கு வருவோம். 1913இல் டார்ஜிலிங்கில் பிறந்தவர். 1939இல் ‘கோன் வித் த விண்ட்’, 1951இல் ‘ஸ்ட்ரீட்கார்’ என இரண்டு ஆஸ்கர். இரண்டாவது படத்தில் அவர் நடித்த ப்ளான்ஷ், மனநிலை சிதைந்து வைத்தியசாலைக்கு அழைத்துச் செல்லப்படும் பெண். லண்டன் மேடையிலும் முந்நூறுக்கு மேற்பட்ட தடவை அந்தப் பாத்திரத்தைச் செய்திருந்தார். அதுதான் தம்மைப் பித்துக்குள் தள்ளியது என்று பின்னாளில் அவரே சொன்னதாகக் குறிப்புகள் உண்டு. எனக்கு இதில் முழு உடன்பாடில்லை. 1940களின் நடுப்பகுதியிலேயே, ஒரு கருச்சிதைவுக்குப் பிறகு, அவருக்கு ஆழ்ந்த சோர்வும் கட்டுமீறிய எழுச்சியும் மாறிமாறி வரத் தொடங்கியிருந்தன. நடித்த பாத்திரத்தால் நோய் வந்தது என்பது கேட்கச் சுவையான கதை. அவரிடம் நோய் ஏற்கெனவே இருந்தது. பாத்திரம் அதற்கு வசனம் கொடுத்தது.

1953 சனவரியில் இலங்கைக்கு வந்தார். தூக்கம் போனது. ஃபின்ச்சை ஒலிவியரின் செல்லப்பெயரால் கூப்பிடத் தொடங்கினார். வசனம் மறந்தது. தயாரிப்பாளர் அழைப்பின்பேரில் ஒலிவியர் பறந்து வந்தார், ஒன்றும் செய்ய இயலாமல் திரும்பிப் போனார். எஞ்சிய காட்சிகளுக்காகக் குழு ஹாலிவூட்டுக்குப் போனதும் அவர் முற்றாக நிலைகுலைந்தார். படப்பிடிப்புத் தளத்தில் ப்ளான்ஷின் வசனங்களைப் பேசினார் என்று வாழ்க்கை வரலாறு எழுதியவர்கள் சொல்கிறார்கள். மயக்க மருந்து கொடுத்து விமானத்தில் ஏற்றி, இங்கிலாந்தின் நெதர்ன் மனநல வைத்தியசாலையில் சேர்த்தார்கள். மின்னதிர்ச்சிச் சிகிச்சை நடந்தது. தேறிவரச் சில மாதங்கள் பிடித்தன.

பரமவுன்ட் நிறுவனம் 21 வயது எலிசபெத் டெய்லரைக் கொண்டுவந்து, அண்மைக் காட்சிகளை எல்லாம் புதிதாக எடுத்தது. கண்டியில் எடுத்த தூரக் காட்சிகளை மீண்டும் எடுக்கச் செலவு அதிகம் என்பதால் சிலவற்றை அப்படியே விட்டுவிட்டார்கள். ஆகவே படத்தில் ரூத் தூரத்தில் நடந்தால், முதுகைக் காட்டி நின்றால், அது சில இடங்களில் விவியன் லீ. கிட்ட வந்தால் டெய்லர். ஒரே பாத்திரத்துக்குள் இரண்டு பெண்கள். திகில் பட இயக்குநர் ஒருவர் திட்டமிட்டுச் செய்திருந்தால் மேதைமை என்று கொண்டாடியிருப்போம். இங்கே அதைச் செய்தது கணக்குப்பிள்ளை மூளை.

இந்தச் சரிவுக்கு உலகம் சொன்ன காரணம் என்ன? வெயில், காடு, களைப்பு. காலனித்துவ மருத்துவத்தில் இதற்கு ஒரு பெயரே இருந்தது: வெப்பமண்டல நரம்புத் தளர்ச்சி. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், குடியேற்ற நாடுகளில் மனம் தளர்ந்த வெள்ளை உத்தியோகத்தரை ஊருக்குத் திருப்பியனுப்ப அந்தப் பெயர் கைகொடுத்தது. குடி, தனிமை, குற்ற உணர்வு, பரம்பரை நோய் எதையும் கிளறத் தேவையில்லை. சூரியன்மேல் பழியைப் போட்டால் போதும். கண்டியோ கடல்மட்டத்துக்குச் சுமார் 500 மீற்றர் மேலே இருக்கும் ஊர். சனவரி இரவில் போர்வை கேட்கும். படத்தில் யானைமேல் பழியைப் போட்டார்கள், நடிகையின் விடயத்தில் தட்பவெப்பத்தின்மேல் போட்டார்கள். இரண்டும் ஒரே பழக்கம்.

ஒலிவியர் தமது 1982ஆம் ஆண்டுத் தன்வரலாற்றில் மனைவியின் நோயைப் பற்றி எழுதும்போது, ஒரு தீய பூதம் அவரைப் பிடித்துக்கொண்டது என்ற பொருளில் எழுதுகிறார். ஷேக்ஸ்பியரைக் கரைத்துக் குடித்தவருக்கும், முனி அடித்துவிட்டது என்று கோடங்கியைத் தேடிப் போகும் லயத்துத் தாய்க்கும், நெருக்கடியில் வாயில் வருவது ஒரே மொழிதான். அந்தத் தாய்க்கு அடுத்து என்ன செய்வது என்ற ஒழுங்கு தெரியும்: உடுக்கு, குறி, படையல், மந்திரித்த கயிறு. அது நோயைக் குணமாக்கும் என்று நான் வாதிட வரவில்லை. ஒலிவியரிடம் பேய் மட்டும் இருந்தது, உடுக்கு இருக்கவில்லை.

‘எலிஃபன்ட் வோக்’ படத்தில் கண்டிய நடனக் குழு ஒன்றும் வருகிறது. வெள்ளைத் துணியும் வெள்ளித் தலையணியுமாக ஆடுகிறார்கள், துரைமார் பார்க்கிறார்கள். அந்த ஆட்டம் எங்கிருந்து வந்தது என்று படக்குழுவில் யாராவது கேட்டிருந்தால், தாங்கள் எடுக்கும் கதையைவிடப் பழைய, கூர்மையான ஒரு கதை கிடைத்திருக்கும். வெஸ் என்ற அந்தத் தலையணியோடு ஆடும் கண்டிய நடனம் தலதா பெரஹரா ஊர்வலத்தில் சேர்ந்தது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். அதற்கு முன் அது கொஹொம்பா கங்காரிய என்ற இரவு முழுதும் நீளும் சடங்கைச் சேர்ந்தது. அந்தச் சடங்கின் தொடக்கக் கதை, ஓர் அரசனின் கெட்ட கனவுகளைப் பற்றியது.

சிங்களவரின் முதல் அரசன் என்று கதை சொல்லும் விஜயன் இலங்கைக்கு வந்து, இயக்கர் குலப் பெண் குவேனியைச் சேர்ந்தான். அவளுக்குச் சத்தியம் செய்துகொடுத்தான். பிறகு அரச குலத்துப் பெண் வேண்டும் என்று மதுரையிலிருந்து பாண்டிய இளவரசியை அழைத்து மணந்துகொண்டு குவேனியைத் துரத்தினான். அவளுடைய சாபம் சிறுத்தை வடிவெடுத்தது. ஆனால் அது விஜயனைப் பிடிக்கவில்லை. அவனுக்குப் பின் அரசேறிய, அவன் தம்பி மகன் பண்டுவாசுதேவனைப் பிடித்தது. பயங்கரக் கனவுகள், காய்ச்சல், நடுக்கம். ‘திவி தோசம்’, அதாவது சிறுத்தைத் தோசம், என்றார்கள். தீர்க்கக்கூடிய மலய அரசன் கடலுக்கு அப்பால் இருந்தான். அவனை வரவழைக்க ராகு பன்றியாக மாறி அவன் தோட்டத்தை அழித்தான். துரத்தி வந்த அரசன் இலங்கையில் கால்வைத்தான். பன்றி கல்லாய்ச் சமைந்த இடம் கண்டியை ஒட்டிய ஹந்தானை மலை என்கிறது கதை. இன்று அதன் சாரலில், 1925இல் கட்டிய பழைய தொழிற்சாலைக் கட்டடத்தில், தேயிலை அருங்காட்சியகம் இருக்கிறது.

இந்தக் கதையின் நுட்பம் நோயாளி யார் என்பதில் இருக்கிறது. சத்தியம் மீறியவன் நிம்மதியாக ஆண்டு முடித்தான். அரியணையோடு சேர்த்து அதன் பழியையும் பெற்றுக்கொண்டவன் இரவில் அலறினான். பித்து இங்கே பிதுரார்ஜிதச் சொத்தைப்போலக் கைமாறுகிறது. ஜோன் வைலியின் கதையும் இதுவே. மதில் கட்டியது அப்பன், தூக்கம் இழந்தது மகன். யானைத் தடத்தில் கட்டிய அந்த மதிலுக்குப் பின்னால் ரொஜர்ஸின் 1,400 யானைகளும் அரசாங்கத்தின் சன்மானக் கணக்கும் இருக்கின்றன. ஹாலிவூட் அறியாமலே கங்காரிய கதையைத் திரும்பச் சொல்லியிருக்கிறது, முடிவை மட்டும் கெடுத்து. கங்காரியவில் அரசன் குணமாகிறான், அதுவும் இழைத்த அநியாயத்தை ஊர்கூடி ஓர் இரவு முழுக்கப் பாடிச் சொன்ன பிறகு. படத்தில் யாரும் எதையும் சொல்வதில்லை.

பேராதனைப் பல்கலைக்கழகத்தில் கற்பித்து, பின்னர் பிரின்ஸ்டனில் பேராசிரியராக இருந்து, 2025இல் மறைந்த மானிடவியலாளர் கணநாத் ஒபேசேகர இந்த இடத்தைத்தான் ஆயுள் முழுவதும் தோண்டினார். 1981இல் வந்த ‘மெடூசாஸ் ஹெயார்’ நூலில் கதிர்காமத்தில் சடைமுடியோடு வாழ்ந்த துறவிகளைப் பற்றி எழுதுகிறார். பலர் பெண்கள். அவர்களைப் பிடித்தவை பல வேளைகளில் தெரியாத பேய்கள் அல்ல. செத்துப்போன தாய், பாட்டி போன்ற சொந்த இரத்தம். முதலில் வதையாக வந்தது, நாளடைவில் அருளாகவும் குறிசொல்லும் ஆற்றலாகவும் மாறுகிறது. ஃபிராய்டைக் கையில் வைத்துக்கொண்டு எழுதியவர்தான். ஆனாலும் எல்லாவற்றையும் நோய்ப்பெயரில் அடைத்துவிட அவர் மறுத்தார். மேற்கில் மனச்சோர்வு என்று மருந்து எழுதப்படும் ஒரு நிலை, இங்கே நிலையாமை பற்றிய தியானமாக உருமாறக்கூடும் என்று 1985இல் ஒரு கட்டுரையில் வாதிட்டார். எல்லாருக்கும் அது வாய்க்காது என்பது அவருக்கும் தெரிந்திருக்கும். தூக்கமின்றி நாட்கணக்கில் பேசிக்கொண்டே இருக்கும் ஒருவருக்குத் தியானம் சொல்வது கொடுமை.

கண்டிப் பக்கத்துக் காடுகளோடு ஒட்டிய இன்னொரு கதையும் உண்டு. 1660 முதல் 1679 வரை கண்டி இராச்சியத்தில் சிறைப்பட்டிருந்த ரொபர்ட் நொக்ஸ், இரவில் பிசாசின் குரலைத் தாமே பலமுறை கேட்டதாகவும், நாய் குரைப்பதுபோல் இருந்ததாகவும், அதைக் கேட்ட நாய்கள் நடுங்கியதாகவும் எழுதுகிறார். சிங்களவர் உலமா என்று சொல்லும் பறவையின் குரலாக அது இருக்கலாம். பெரிய கொம்பு ஆந்தை இனம் ஒன்றுதான் அது என்பது பறவை ஆய்வாளர் பலரின் முடிவு. ஊர்க்கதை வேறு: மனைவிமேல் சந்தேகம் பிடித்த ஒருவன், பிள்ளை தனக்குப் பிறக்கவில்லை என்று நினைத்துக் கொன்று, கறியாக்கி அவளுக்கே பரிமாறுகிறான். சட்டிக்குள் சிறு விரல் தென்பட, அவள் அலறிக்கொண்டு காட்டுக்குள் ஓடிப் பறவையாகிறாள். சந்தேகப் பித்துப் பிடித்தவன் கதையின் பாதியிலேயே காணாமல் போகிறான். பைத்தியக்காரி என்ற பெயரும் இரவுதோறும் அலறும் வேலையும் அவளுக்கு.

இதை எல்லாம் உள்வாங்கிய ஒரு படத்தை இலங்கை 1970களின் தொடக்கத்தில் எடுத்தது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘நிதானய’. மூலம் ஜி. பி. சேனாநாயக்கவின் சிறுகதை, திரைக்கதை திஸ்ஸ அபேசேகர. ஒளிப்பதிவு எம். எஸ். ஆனந்தன், தயாரிப்பாளர் அந்தோனிப்பிள்ளை. சிங்களச் சினிமாவின் உச்சம் என்று கொண்டாடப்படும் படத்தின் வெளிச்சமும் பணமும் யாருடையவை என்பதைத் தமிழ் வாசகர் அறிந்திருப்பது நல்லது. காமினி பொன்சேகா நடித்த வில்லி அபேநாயக்க, நொடிந்துபோன வளவு ஒன்றின் கடைசி வாரிசு. முன்னோர் விட்டுச்சென்ற குறிப்பில் ஒரு புதையல் பற்றி அறிகிறான். அதை எடுக்க, கழுத்தில் நான்கு மச்சங்கள் உள்ள பெண்ணைப் பலி கொடுக்க வேண்டும். நம்பிக்கை இழந்து சாகத் துணியும் நேரத்தில் அப்படி ஒருத்தியைக் காண்கிறான். மாலினி பொன்சேகா நடித்த ஐரீன். அன்பு காட்டி மணக்கிறான், கொல்வதற்காக.

இதில் யானை இல்லை, தீ இல்லை. பெரிய வீடு, கனிவான பேச்சு, பிறகு அவள் கழுத்தின்மேல் ஒரு கணம் தங்கும் பார்வை. அவள் நம்புகிறாள், நமக்கு மட்டும் தெரியும். அவனும் இடையில் அவளை நேசிக்கத் தொடங்குகிறான் என்பது படத்தின் கொடூரமான கண்டுபிடிப்பு. நேசம் பித்தைத் தடுக்கவில்லை. பலி நடக்கிறது. புதையல் வரவில்லை. அவன் தன் கதையை எழுதி வைத்துவிட்டுத் தூக்கில் தொங்குகிறான். கதை முழுவதும் அவனுடைய வாக்குமூலமாகவே நமக்கு வருவதால், தன் புத்தி தெளிவாக இருக்கிறது என்று நம்பும் ஒருவனின் குரலில் அந்தப் புத்தியின் சிதைவைக் கேட்கிறோம். 1972இல் வெனிஸ் விழாவில் அங்கீகாரம் பெற்றது; 1997இல் இலங்கைச் சினிமாவின் முதல் ஐம்பது ஆண்டுகளின் சிறந்த படமாகத் தெரிவானது; ஸ்கோர்செஸி தொடங்கிய உலக சினிமாத் திட்டத்தின் கீழ் 2013இல் மீட்டெடுக்கப்பட்டது. ‘எலிஃபன்ட் வோக்’ தப்பித்துக்கொண்ட இடத்தில் ‘நிதானய’ நின்று பார்க்கிறது: வீட்டை யாரும் வந்து இடிக்கப்போவதில்லை, வாரிசேதான் கணக்கை முடிக்க வேண்டும், முடிப்பதற்குள் வெளியிலிருந்து வந்த பெண் செத்துவிடுவாள்.

மருத்துவமும் பரம்பரை என்கிறது. விவியன் லீக்கு இருந்த இருமுனை மனநோய், குடும்ப வழியில் வரும் வாய்ப்பு மிகுதியாக உள்ள நோய்களில் ஒன்று. வித்தியாசம், வைத்தியர் சொல்லும் பரம்பரையில் பழி கிடையாது. அங்கே கேட்க வேண்டிய கேள்வி யார் பாவம் செய்தது என்பதல்ல, எத்தனை நாளாகத் தூங்கவில்லை என்பதே. தூக்கம் கெடுவது எழுச்சி நிலைக்கு முன்னறிகுறியாகவும் தூண்டுதலாகவும் இருக்கிறது. நெடும் பயணமும் இரவுப் படப்பிடிப்பும் அதற்குத் தோதானவை. இந்நோயைக் கட்டுப்படுத்தும் லித்தியத்தின் பயனை ஆஸ்திரேலிய வைத்தியர் ஜோன் கேட் 1949இலேயே வெளியிட்டிருந்தார், அதாவது விவியன் லீ கண்டிக்கு வருவதற்கு நான்கு ஆண்டுகள் முன்பு. அது உலகில் பரவலாகப் புழக்கத்துக்கு வர இன்னும் பல ஆண்டுகள் ஆயின. அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது 1970இல். விவியன் லீ 1967இலேயே காசநோயால் இறந்திருந்தார். அவரோடு நடித்த பீட்டர் ஃபின்ச், பின்னாளில் ‘நெட்வேர்க்’ படத்தில் கமராவுக்கு முன்னாலேயே மனம் சிதறும் செய்தி வாசிப்பாளராக நடித்து, இறந்த பிறகு ஆஸ்கர் பெற்றார். ஆண் சிதறினால் அதற்குத் தீர்க்கதரிசனம் என்று பெயர்.

இலங்கையில் மனநோய் தொடர்பான அடிப்படைச் சட்டம் 1873ஆம் ஆண்டில் வந்தது; 1956இல் திருத்தினார்கள்; இன்னும் அதன் நிழலில்தான் இருக்கிறோம். ஊர்ப்பேச்சிலோ, மனநோய் வைத்தியசாலை உள்ள அங்கொடை என்பது கொழும்பை அடுத்த ஓர் இடத்தின் பெயராக இல்லாமல் ஒரு வசையாகவே நிலைத்துவிட்டது. ஆனால் கண்டியிலும் பேராதனையிலும் உள்ள போதனா வைத்தியசாலைகளில் மனநலப் பிரிவுகள் இயங்குகின்றன. லித்தியம் இன்று புதுமையல்ல.

கைத்தொலைபேசியும் நாலு நண்பர்களும் இருந்தால் உளவியல் திகில் குறும்படம் எடுத்துவிடலாம் என்று வந்துவிட்ட காலம் இது. அப்படி எடுக்க நினைக்கும் மலையக இளைஞர்களிடம் கேட்க எனக்கு ஒன்று உண்டு. விரித்த தலைமுடியும் வெறித்த கண்ணுமாக ஒரு பெண்ணை மூலையில் உட்காரவைக்காதீர்கள். உலமா கதையிலிருந்து அவளை அங்கேதான் வைத்திருக்கிறோம். பங்களாவை விட்டுக் கீழே இறங்குங்கள். நான்கு தலைமுறையாகச் சொந்தமாகாத லயத்து அறை, செத்த தாத்தாவின் பெயரிலேயே கிடக்கும் குடியுரிமைக் கடதாசி, மகன் தூங்காமல் நடமாடுவதைப் பார்த்துவிட்டு அயலுக்குச் சொல்லப் பயந்து கதவைச் சாத்தும் தாய் என அங்கே ஒரு படத்துக்கு வேண்டிய எல்லாம் இருக்கிறது. படம் முடியும்போது திரையில் ஓர் எண்ணைப் போடுங்கள்: 1926, தேசிய மனநல நிறுவனத்தின் உதவித் தொலைபேசி.